காலரா நச்சு

காலரா நச்சு அல்லது வாந்திபேதி நச்சு என்பது விப்ரியோ காலரே என்னும் பாக்டீரியா சுரக்கும் ஒரு நச்சுப் புரதம் ஆகும். காலரா நோயில் ஏற்படும் கட்டுக்கடங்காத நீர்ப்பேதிக்கு இதுவே முதன்மைக் காரணம். இந்நச்சு சிறுகுடலின் உட்சுவரில் உள்ள உயிரணுக்களைக் கொல்வதில்லை. குடற்சுவரைப் புண்ணாக்குவதும் இல்லை. உயிரணுவுக்குள் நுழைந்து, உப்பையும் நீரையும் வெளியேற்றும் இயல்பான செயல்முறையை நிறுத்த முடியாதபடி இயங்க வைக்கிறது. இதனால் கடும் நோயுற்ற ஒருவர் மணிக்கு ஒரு லிட்டர் வரை நீரை இழக்கக்கூடும். சிகிச்சை கிடைக்காவிடில் சில மணி நேரத்திலேயே இறப்பு நேரலாம்.

பாக்டீரியா நச்சுகளுள் மிக விரிவாக ஆராயப்பட்டவற்றில் இதுவும் ஒன்று. குடலின் நீரை உறிஞ்சும் வழி ஒன்று இந்நச்சால் பாதிக்கப்படுவதில்லை. உப்பும் சர்க்கரையும் கலந்த நீர் காலரா நோயாளியின் உயிரைக் காப்பதற்கு அதுவே அடிப்படையாகும்.

கண்டுபிடிப்பு வரலாறு

1854 ஆம் ஆண்டில் இத்தாலிய மருத்துவர் பிலிப்போ பசீனி, காலராவால் இறந்தவர்களின் குடலில் வளைந்த வடிவமுடைய நுண்ணுயிரிகளைக் கண்டு விவரித்தார். அவரது ஆய்வு அக்காலத்தில் கவனம் பெறவில்லை. செருமானிய அறிவியலாளர் இராபர்ட் கோக் 1883 இல் எகிப்திலும் பின்னர் கொல்கத்தாவிலும் ஆய்வு செய்து, 1884 இல் இப்பாக்டீரியாவைத் தனியே பிரித்து வளர்த்தார். பாக்டீரியா குடலிலேயே தங்கியிருந்தும் உடல் முழுதும் சீர்குலைவதால், அது ஏதோ ஒரு நஞ்சை வெளியிட வேண்டும் என்றும் அவர் கருதினார்.

அந்த நஞ்சைக் கண்டறிய ஏறத்தாழ 75 ஆண்டுகள் பிடித்தன. இத்தாமதத்திற்கு இரண்டு காரணங்கள் உண்டு. முதலாவதாக, ஆய்வாளர்கள் பலர் பாக்டீரியாவையோ அதன் சாற்றையோ விலங்குகளின் இரத்தத்திலும் வயிற்றறையிலும் செலுத்திப் பார்த்தனர். அவ்விலங்குகள் இறந்தனவே தவிர, காலராவுக்கே உரிய பேதி அவற்றில் தோன்றவில்லை. இரண்டாவதாக, பிணப் பரிசோதனைகளில் குடலின் உட்படலம் உரிந்து காணப்பட்டதால், நோய் அப்படலத்தை அழிக்கிறது என்ற கருத்து நிலைத்துவிட்டது. இறப்புக்குப் பின் ஏற்படும் சிதைவே அது என்பது அப்போது உணரப்படவில்லை.

கொல்கத்தாவின் மருத்துவக் கல்லூரிகளில் பணியாற்றிய நோயியல் அறிஞர் சம்பு நாத் டே (1915–1985) வேறு வழியைக் கையாண்டார். முயலின் சிறுகுடலில் ஒரு சிறு பகுதியை இருபுறமும் நூலால் கட்டி, அந்தக் கண்ணிக்குள் காலரா பாக்டீரியாவைச் செலுத்தினார். கண்ணியில் நீர் நிறைந்து அது உப்பியது. இம்முறை 1953 இல் வெளியிடப்பட்டது. 1959 இல் பாக்டீரியா வளர்ந்த நீர்மத்தை வடிகட்டி, உயிருள்ள பாக்டீரியா எதுவும் இல்லாத வடிநீரை மட்டும் கண்ணிக்குள் செலுத்தினார். அப்போதும் கண்ணி உப்பியது. நோயை உண்டாக்குவது பாக்டீரியா வெளியில் சுரக்கும் பொருள்தான் என்பது இதனால் உறுதியாயிற்று. அதே ஆண்டில் மும்பையின் ஆஃப்கின் நிறுவனத்தில் என். கே. தத்தாவும் அவரது குழுவினரும் முயல் குட்டிகளில் செய்த சோதனைகளும் நச்சின் பங்கைக் காட்டின. பாங்காக்கில் உயிருடன் இருந்த நோயாளிகளின் குடலிலிருந்து எடுக்கப்பட்ட திசுத் துணுக்குகளில் உட்படலம் சிதையாமல் இருந்தது 1960 இல் வெளியிடப்பட்டது.

1969 இல் அமெரிக்க ஆய்வாளர்களான ரிச்சர்ட் ஃபிங்கெல்சுடைன், ஜோசப் லோசுபல்லூட்டோ ஆகியோர் நச்சைத் தூய நிலையில் பிரித்தெடுத்தனர். சம்பு நாத் டேயின் பணி பன்னாட்டளவில் பின்னரே உணரப்பட்டது. 1978 இல் காலரா குறித்து நடைபெற்ற நோபல் கருத்தரங்கில் உரையாற்ற அவர் அழைக்கப்பட்டார். எனினும் தம் வாழ்நாளில் இந்தியாவில் பெரிய விருது எதையும் அவர் பெறவில்லை.

அமைப்பு

காலரா நச்சு ஆறு புரதத் துண்டுகளால் ஆனது. ஒரு ஏ துணையலகும் ஐந்து பி துணையலகுகளும் இதில் உள்ளன. மொத்த மூலக்கூற்று எடை ஏறத்தாழ 85,000 டால்டன்.

* பி துணையலகுகள்: இவை ஐந்தும் நடுவில் துளையுள்ள வளையமாக, உளுந்து வடையைப் போன்ற வடிவில் அமைந்துள்ளன. ஒவ்வொன்றிலும் 103 அமினோ அமிலங்கள் உள்ளன. உயிரணுவின் மேற்பரப்பில் ஒட்டிக்கொள்வது இவற்றின் வேலை. இவை தனித்து நோயை உண்டாக்குவதில்லை.
* ஏ துணையலகு: இது 240 அமினோ அமிலங்களைக் கொண்டது. நொதியாகச் செயற்படும் ஏ1 என்னும் பெரிய பகுதியையும், அதனை வளையத்துடன் இணைக்கும் ஏ2 என்னும் சிறிய பகுதியையும் உடையது. ஏ2 பகுதி வளையத்தின் துளை வழியே கீழிறங்கி நிற்கிறது. நச்சுத் தன்மை முழுதும் ஏ1 பகுதியைச் சார்ந்தது.

செயற்படும் முறை

நச்சு குடலின் உயிரணுவை அடைந்தது முதல் நீர் வெளியேறுவது வரை நிகழ்பவை பின்வருமாறு:

1. ஒட்டுதல்: பி வளையம், குடல் உயிரணுக்களின் மேற்பரப்பில் உள்ள ஜி.எம்.1 என்னும் சர்க்கரை இணைந்த கொழுப்பு மூலக்கூறுகளைப் பற்றிக்கொள்கிறது. அவ்விடத்தில் உயிரணு மென்சவ்வு உட்குழிந்து நச்சை உள்ளே இழுத்துக்கொள்கிறது.

2. பின்னோக்கிய பயணம்: உயிரணுவில் உருவாகும் புரதங்கள் வழக்கமாக அகக்கலவுருச் சிறுவலை என்னும் சவ்வு வலையிலிருந்து வெளிப்புறம் நோக்கிச் செல்லும். காலரா நச்சு இவ்வழியில் எதிர்த்திசையில் பயணித்து அவ்வலையை அடைகிறது. ஏ2 பகுதியின் முனையிலுள்ள நான்கு அமினோ அமிலங்கள் இதற்கு உதவுகின்றன. அவ்வலைக்கே உரிய புரதங்களும் அதே அடையாளத்தைத் தாங்கியிருப்பதால், உயிரணு நச்சைத் தன் சொந்தப் புரதமாகவே நடத்துகிறது.

3. தப்புதல்: அங்கு ஏ1 பகுதி பிரிந்து மடிப்பு அவிழ்கிறது. சரியாக மடியாத புரதங்களை வலையிலிருந்து வெளியே தள்ளி அழிப்பது உயிரணுவின் வழக்கம். ஏ1 பகுதியும் அவ்வாறே வெளியே தள்ளப்படுகிறது. ஆனால் அழிக்கப்பட வேண்டிய புரதத்தில் குறியிடப்படும் லைசின் அமினோ அமிலங்கள் இதில் மிகக் குறைவு. ஆகவே ஏ1 அழிவிலிருந்து தப்பி, உயிரணுவின் நீர்மப் பகுதியில் மீண்டும் மடிந்து செயல்நிலையை அடைகிறது.

4. சுவிட்சைப் பூட்டுதல்: உயிரணுவில் ஜி-புரதம் என்பது ஒரு சுவிட்சு போன்றது. ஜி.டி.பி. என்னும் மூலக்கூறு இணைந்தால் அது இயங்கும்; சற்று நேரத்தில் அம்மூலக்கூற்றைத் தானே சிதைத்து அணைந்துவிடும். ஏ1 நொதி, என்.ஏ.டி. மூலக்கூற்றிலிருந்து ஏ.டி.பி.-ரைபோசு என்னும் பகுதியை எடுத்து ஜி-புரதத்தின் ஓர் ஆர்ஜினின் மீது ஒட்டிவிடுகிறது. அதன் பின் சுவிட்சு அணைவதில்லை.

5. பெருகுதல்: அணையாத ஜி-புரதம் அடினைலேட் சைக்ளேசு நொதியைத் தொடர்ந்து தூண்டுகிறது. அந்நொதி உருவாக்கும் வளைய ஏ.எம்.பி. என்னும் செய்தி மூலக்கூறு உயிரணுவில் பன்மடங்கு பெருகுகிறது.

6. நீர் வெளியேற்றம்: வளைய ஏ.எம்.பி. பெருகுவதால் குடல் உயிரணுக்களில் உள்ள சி.எஃப்.டி.ஆர். என்னும் குளோரைடு வாயில்கள் திறக்கின்றன. குளோரைடு அயனிகள் குடலுக்குள் பாய்கின்றன. அவற்றைத் தொடர்ந்து சோடியமும், உப்பைத் தொடர்ந்து நீரும் செல்கின்றன. அதே நேரத்தில் சோடியமும் குளோரைடும் சேர்ந்து உறிஞ்சப்படும் வழக்கமான வழி தடைப்படுகிறது.

ஏ1 ஒரு நொதி என்பதால், ஒரே ஏ1 மூலக்கூறு ஒன்றன்பின் ஒன்றாகப் பல ஜி-புரதங்களை மாற்றவல்லது. மிகச் சிறிய அளவு நச்சு பெரும் விளைவை உண்டாக்குவதற்கு இதுவே காரணம். குடலின் உட்பட உயிரணுக்கள் சில நாட்களுக்கு ஒருமுறை உதிர்ந்து புதியவை தோன்றுவதால், பாதிக்கப்பட்ட உயிரணுக்கள் காலப்போக்கில் நீங்கிவிடுகின்றன. அதுவரை நோயாளியை உயிருடன் காப்பதே சிகிச்சையின் நோக்கம்.

உடலில் ஏற்படும் விளைவுகள்

உணவு, குடிநீர், செரிமானச் சுரப்புகள் என நாளொன்றுக்கு ஏறத்தாழ 8 முதல் 9 லிட்டர் நீர்மம் மனிதக் குடலுக்குள் வருகிறது. உடல்நலமுள்ளவரிடத்தில் இதில் பெரும்பகுதி மீண்டும் உறிஞ்சப்பட்டு, 200 மில்லிலிட்டருக்கும் குறைவாகவே மலத்துடன் வெளியேறும். காலராவில் சிறுகுடல் சுரக்கும் நீர், பெருங்குடல் உறிஞ்சும் திறனை மிஞ்சிவிடுகிறது.

நோயாளியின் மலம் அரிசி களைந்த நீரைப் போல வெளிறிக் காணப்படும். அதில் பொதுவாக இரத்தம் இருப்பதில்லை. புரதமும் மிகக் குறைவு. சோடியம், குளோரைடு, பொட்டாசியம், பைகார்பனேட் ஆகியவை மிகுதியாக வெளியேறுகின்றன. இவற்றின் இழப்பால் பின்வரும் விளைவுகள் தோன்றுகின்றன:

* இரத்தத்தின் அளவு குறைந்து நாடித்துடிப்பு தளர்கிறது, சிறுநீர் வற்றுகிறது, கண்கள் குழிவிழுகின்றன, தோலைக் கிள்ளி விட்டால் மடிப்பு உடனே மறைவதில்லை.
* பைகார்பனேட் இழப்பால் இரத்தத்தின் அமிலத்தன்மை கூடுகிறது.
* உப்புகளின் இழப்பால் கை, கால் தசைகளில் வலிமிக்க பிடிப்புகள் ஏற்படுகின்றன.

நச்சு மரபணுவின் தோற்றம்

விப்ரியோ காலரே வகைகள் எல்லாமே இந்நச்சைச் சுரப்பதில்லை. நச்சுக்கான மரபணுக்கள் பாக்டீரியாவுக்கே உரியவை அல்ல. அவை பாக்டீரியாவைத் தொற்றும் ஒரு வைரசின் மரபணுத் தொகுதியில் அமைந்தவை. இதனை 1996 இல் மேத்யூ வால்டோர், ஜான் மெக்கலானோசு ஆகியோர் கண்டறிந்தனர். நச்சற்ற பாக்டீரியா ஒன்று இவ்வைரசால் தொற்றப்பட்டால் நச்சு சுரக்கும் திறனைப் பெறக்கூடும்.

நீண்ட காலமாக ஓ1 என்னும் வகை மட்டுமே பெருவாரியான காலராவை உண்டாக்கும் எனக் கருதப்பட்டது. 1992 ஆம் ஆண்டின் பிற்பகுதியில் சென்னையில் கவனிக்கப்பட்டு, பின்னர் கொல்கத்தா, வங்காளதேசம் ஆகிய இடங்களில் பரவிய ஓ139 வகை இக்கருத்தை மாற்றியது. அதன் மேலுறை வேறாக இருந்ததால், ஓ1 வகைக்கு எதிராக மக்கள் பெற்றிருந்த நோயெதிர்ப்பு அதற்கு எதிராகப் பயன்படவில்லை. ஆனால் அது சுரந்ததும் இதே நச்சுதான்.

சிகிச்சையுடன் உள்ள தொடர்பு

குடலில் சோடியத்தை உறிஞ்சும் வழிகள் ஒன்றுக்கு மேற்பட்டவை. அவற்றுள் ஒன்று, குளுக்கோசுடன் சேர்த்துச் சோடியத்தை உள்ளே எடுக்கும் கடத்திப் புரதமாகும். காலரா நச்சு இதனைப் பாதிப்பதில்லை. ஆகவே உப்பும் குளுக்கோசும் தகுந்த அளவில் கலந்த நீரைக் குடித்தால், பேதி தொடர்ந்துகொண்டிருக்கும்போதே சோடியமும் அதனுடன் நீரும் உடலில் சேர்கின்றன. உப்பு நீரை மட்டும் குடிப்பதால் இப்பயன் கிட்டுவதில்லை.

டேவிட் நாலின், ரிச்சர்ட் கேசு ஆகியோர் 1968 இல் டாக்காவில் காலரா நோயாளிகளிடம் இம்முறை பயன்படுவதைக் காட்டினர். 1971 இல் வங்காளதேச விடுதலைப் போரின்போது, மேற்கு வங்காளத்தின் பன்கான் அகதி முகாமில் காலரா பரவியது. நரம்பு வழியே செலுத்தும் நீர்மம் தீர்ந்துபோன நிலையில், மருத்துவர் திலீப் மகலனோபிசும் அவரது குழுவினரும் வாய்வழிக் கரைசலைப் பெருமளவில் வழங்கினர். நோயாளிகளின் உறவினர்களே அதனைப் புகட்டினர். அங்கு 30 விழுக்காடு அளவில் இருந்த இறப்பு 4 விழுக்காட்டிற்கும் கீழே இறங்கியது. மகலனோபிசு 2022 இல் காலமானார். 2023 இல் அவருக்குப் பத்ம விபூசண் விருது அறிவிக்கப்பட்டது.

உலக சுகாதார அமைப்பு பரிந்துரைக்கும் கரைசலில் ஒரு லிட்டர் தூய நீருக்குச் சேர்க்கப்படுபவை:

* சோடியம் குளோரைடு – 2.6 கிராம்
* குளுக்கோசு – 13.5 கிராம்
* பொட்டாசியம் குளோரைடு – 1.5 கிராம்
* டிரைசோடியம் சிட்ரேட் – 2.9 கிராம்

குளுக்கோசுக்கு மாற்றாக அரிசி மாவு சேர்த்த கரைசலும் காலராவில் நல்ல பயன் தருகிறது. அரிசியின் மாவுப்பொருள் குடலில் சிறிது சிறிதாகச் செரித்துக் குளுக்கோசைத் தருவதே இதற்குக் காரணம். கடும் நீரிழப்பு உள்ளவர்களுக்கு உடனடியாக நரம்பு வழியே நீர்மம் செலுத்த வேண்டும். நுண்ணுயிர் எதிர்ப்பிகள் நோயின் காலத்தைக் குறைக்கின்றன. ஆனால் ஏற்கனவே உயிரணுவுக்குள் நுழைந்துவிட்ட நச்சை அவை அகற்றுவதில்லை. தகுந்த நேரத்தில் நீரிழப்பு ஈடுசெய்யப்பட்டால் இறப்பு 1 விழுக்காட்டிற்கும் குறைவு.

பிற குடல் நச்சுகளுடன் ஒப்பீடு

* ஈ. கோலையின் வெப்பத்தால் சிதையும் நச்சு: அமைப்பிலும் செயலிலும் காலரா நச்சை மிகவும் ஒத்தது. பயணிகளுக்கு ஏற்படும் வயிற்றுப்போக்கின் முக்கியக் காரணங்களுள் ஒன்று.
* ஈ. கோலையின் வெப்பம் தாங்கும் நச்சு: மிகச் சிறிய புரதத் துண்டு. உயிரணுவுக்குள் நுழையாமலேயே, வளைய ஜி.எம்.பி. என்னும் வேறொரு செய்தி மூலக்கூற்றைப் பெருக்குகிறது.
* சிகா நச்சு: இதுவும் ஒரு ஏ, ஐந்து பி துணையலகுகளைக் கொண்டது. ஆனால் இது ரைபோசோமைச் செயலிழக்கச் செய்து உயிரணுவைக் கொல்கிறது. இரத்தம் கலந்த பேதியும் சிறுநீரகப் பாதிப்பும் ஏற்படலாம்.
* குளோசுட்ரிடியாய்ட்சு டிஃபிசில் நச்சுகள்: உயிரணுவின் உட்சட்டகத்தைக் குலைத்துப் பெருங்குடலில் அழற்சியை உண்டாக்குகின்றன.

தடுப்பு மருந்தும் ஆய்வுப் பயன்பாடுகளும்

1970களில் செயலிழக்கச் செய்த நச்சை ஊசி வழியே செலுத்திச் சோதித்தபோது போதிய பாதுகாப்பு கிடைக்கவில்லை. குடலின் உட்பரப்பில் நோயெதிர்ப்பு உருவாக வேண்டும் என்பதால், பின்னர் வாய்வழித் தடுப்பு மருந்துகள் உருவாக்கப்பட்டன. அவற்றுள் டியூகோரல் என்னும் மருந்தில் கொல்லப்பட்ட பாக்டீரியாவுடன் தீங்கற்ற பி துணையலகும் சேர்க்கப்படுகிறது.

பி துணையலகு நரம்பணுக்களில் பற்றிக்கொண்டு அவற்றின் இழைகள் வழியே பயணிப்பதால், மூளையின் இணைப்புகளைத் தடமறியும் சாயமாக நரம்பியல் ஆய்வுகளில் பயன்படுகிறது. ஜி-புரதங்களும் வளைய ஏ.எம்.பி.யும் எவ்வாறு செயற்படுகின்றன என்பதை அறிவதிலும் காலரா நச்சு முக்கியக் கருவியாக இருந்துள்ளது.

இவற்றையும் பார்க்க

* வாந்திபேதி
* வயிற்றுப்போக்கு
* வாய்வழி நீரேற்றுக் கரைசல்
* இராபர்ட் கோக்
* சம்பு நாத் டே