கொல்லத்து அச்சும் கைப்பேசித் தமிழும்

தமிழ் மொழி முதன்முதலாக அச்சேறியது தமிழ் எழுத்தில் அன்று, உரோமன் எழுத்தில். அச்சிடப்பெற்ற இடமும் தமிழகம் அன்று. போர்த்துக்கல் நாட்டின் தலைநகராகிய லிசுபன். ஆண்டு 1554. 'கார்த்திலியா' எனச் சுருக்கமாக வழங்கப்பெறும் அந்நூல், கிறித்தவ மன்றாட்டுகளைத் தமிழருக்குக் கற்பிக்கும் பொருட்டு உருவாயிற்று. தமிழ்ச் சொற்கள் உரோமன் எழுத்திலும், அவற்றின் பொருள் போர்த்துக்கீசிய மொழியிலும் அதில் இடம்பெற்றன. தமிழர் மூவர் அதன் ஆக்கத்தில் பங்கு கொண்டனர். ஊரை விட்டு நெடுந்தொலைவு சென்ற தமிழர், கைக்குக் கிடைத்த கருவிக்கு ஏற்பத் தம் மொழியை வேற்றெழுத்தில் வடித்த நிகழ்ச்சியாக அதனைக் கொள்ளலாம்.

ஏறத்தாழ நானூற்றெழுபது ஆண்டுகள் கழிந்தன. திருவனந்தபுரத்தில் வாழும் நம் பிள்ளைகள், நாகர்கோவிலிலும் நெல்லையிலும் உள்ள உறவினர்க்குக் கைப்பேசி வாயிலாக விடுக்கும் செய்திகள் இன்று அவ்வகையினவாகவே உள்ளன. மொழி தமிழ், எழுத்து உரோமன். வீட்டில் தமிழும் பள்ளியில் மலையாளமும் ஆங்கிலமும் வழங்கும் நம் குடும்பங்களில் இது நாள்தோறும் காணும் காட்சி. பிள்ளைகளின் சோம்பல் என்று இதனைக் கடிந்துரைப்போர் நம்மிடையே பலர். நம் கருத்து வேறு. எழுதுகருவி எழுத்தை மாற்றுவதும், மாறிய எழுத்து படிப்போரை மாற்றுவதும் மிகப் பழைய வரலாறு. அதன் முதன்மையான ஒரு நிகழ்ச்சி நம் வாயிலிலேயே நடந்தேறியது.

லிசுபன் நூல் வெளிவந்து இருபத்து நான்கு ஆண்டுகளுக்குப் பின், 1578ஆம் ஆண்டு அக்டோபர்த் திங்கள் 20ஆம் நாள், கொல்லத்தில் 'தம்பிரான் வணக்கம்' என்னும் சிறுநூல் அச்சிடப்பெற்றது. பதினாறே பக்கம். இந்திய மொழி ஒன்று தன் சொந்த எழுத்தில் இந்திய மண்ணில் அச்சேறியது அதுவே முதல் முறை. நூலைத் தமிழில் ஆக்கியவர் அண்டிரிக் அடிகளார் என்று தமிழர் அழைத்த போர்த்துக்கீசியத் துறவி. முத்துக்குளித்துறையில் பல்லாண்டுகள் வாழ்ந்து, தமிழைப் பயின்று, அதற்குப் போர்த்துக்கீசிய மொழியில் இலக்கணமும் வரைந்தவர் அவர். தமிழ் எழுத்துகள் முதலில் கோவாவில் 1577இல் வார்க்கப்பெற்றன. பின்னர்க் கொல்லத்தில் 1578இல் மீண்டும் வார்க்கப்பெற்றன. அவ்விருவகை எழுத்துகளின் மாதிரிகளும் அந்நூலிலேயே காட்டப்பட்டுள்ளன. அதன் படி இன்று அமெரிக்க நாட்டின் ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் உள்ளது. நம் நகரிலிருந்து தொடர்வண்டியில் ஒரு மணி நேரத்துக்குச் சற்றுக் கூடுதலாகச் சென்றால் கொல்லம். அவ்வழியே வாரந்தோறும் போய்வரும் நம்மவருள் இதனை நினைப்போர் சிலரே.

உரோமன் அச்செழுத்துகள் ஆயத்தமாக இருந்தன. லிசுபனில் அவ்வெழுத்தால் ஒரு நூலும் வந்துவிட்டது. அவ்வாறிருக்க, ஒவ்வொரு தமிழ் எழுத்தையும் உலோகத்தில் வெட்டி வார்க்கும் பெருந்தொல்லையை அத்துறவியர் ஏன் மேற்கொண்டனர்? படிப்போர் யார் என்பதே விடை என நாம் கருதுகின்றோம். கடற்கரைத் தமிழ் மக்களுள் எழுத்தறிந்தோர் அறிந்திருந்தது தமிழ் எழுத்தை. உரோமன் எழுத்தில் அமைந்த தமிழ், ஓதுவிக்கும் பாதிரியாருக்குப் பயன்படும். ஓதும் மக்களுக்குப் பயன்படாது. எழுதுவோர் வசதியா, படிப்போர் வசதியா என்ற வினாவுக்குக் கொல்லத்து அச்சகம் ஒரு விடை அளித்தது.

அச்சு வருவதற்கு முன் இருந்த கருவி ஓலை. அதற்கும் தனி இயல்புகள் உண்டு. எழுத்தாணியால் எழுதுவோர் பெரும்பாலும் புள்ளி இடுவதில்லை. புள்ளி ஓலையைத் துளைத்துவிடும் என்பது அதற்குக் காரணமாகச் சொல்லப்படும். எகர ஏகாரங்களும் ஒகர ஓகாரங்களும் வேறுபடுத்தப்படவில்லை. சொற்களுக்கிடையே இடைவெளியும் இல்லை. ஆகவே ஓலையைப் படிப்பதற்கு எழுத்தறிவு மட்டும் போதாது. பாடத்தை முன்னரே செவிவழி அறிந்த ஆசிரியர் அருகில் இருத்தல் வேண்டும். திண்ணைப் பள்ளியின் மனப்பாடக் கல்வி இக்கருவியை ஒட்டி வளர்ந்தது. 18ஆம் நூற்றாண்டில் வீரமாமுனிவர் குறில் நெடில் வேறுபாட்டுக்கு வடிவம் வகுத்தார். இந்தியர் அச்சகம் நடத்துவதற்கு இருந்த தடைகள் 1835இல் நீங்கின. 1849இல் ஆறுமுக நாவலர் யாழ்ப்பாணத்து வண்ணார்பண்ணையில் அச்சகம் நிறுவிப் பாலபாடங்களை வெளியிட்டார். புள்ளியும் இடைவெளியும் அச்சில் நிலைபெற்றபின், ஆசிரியர் துணையின்றித் தனியே அமர்ந்து படிக்கும் தமிழ் வாசகர் பெருகினர். நம் நகரத்துக் கோட்டைப் பகுதியில் உள்ள ஓலைச்சுவடி அருங்காட்சியகத்துக்குப் பிள்ளைகளை அழைத்துச் செல்வோர் இதனைக் கண்கூடாகக் காணலாம். வட்டெழுத்திலும் கோலெழுத்திலும் மலையாண்மையிலும் அமைந்த திருவிதாங்கூர் ஆவணங்கள் அங்குள்ளன. அவற்றைப் படிக்க அறிந்தோர் இன்று மிகச் சிலர்.

தட்டச்சுப் பொறியின் கதை சுவையானது. யாழ்ப்பாணத்துச் சுண்டிக்குளியில் பிறந்து, மலாயா சென்று, சிங்கப்பூரில் வாழ்ந்த ஆர். முத்தையா தமிழ்த் தட்டச்சுப் பொறியின் தந்தை எனப் போற்றப்படுகிறார். அவரும் புலம்பெயர்ந்த தமிழரே. ஆங்கிலத்துக்கென அமைந்த சில பத்து விசைகளில் தமிழின் 247 எழுத்துகளையும் அடக்க அவர் கண்ட வழிகளுள் ஒன்று நகரா விசை: அதனை அழுத்தினால் குறி பதியும், தாள் நகராது, அடுத்த எழுத்து அதே இடத்தில் வந்து பொருந்தும். நாம் 1990களின் இறுதியில் நாகர்கோவிலில் தட்டச்சுப் பயின்றபோது, அவ்விசைகளின் ஓசை தெருமுனை வரை கேட்கும். இன்று நம் அலுவலகத்தில் அப்பொறி ஒன்றுகூட இல்லை.

பொறி மறைந்தது; அது எழுத்தில் செய்த மாற்றம் மறையவில்லை. கேரள அரசு 1971இல் மலையாள எழுத்தைச் சீர்திருத்தியபோது, தட்டச்சிலும் அச்சுக்கோப்பிலும் அடங்குமாறு ஏறத்தாழ 900 வடிவங்களை 90 என்னும் அளவுக்குக் குறைத்தது. தமிழ்நாட்டிலோ, பெரியார் 1935 முதல் தம் இதழில் கையாண்ட சீர்திருத்த எழுத்துகளுள் பதின்மூன்றை 1978 அக்டோபரில் அரசு ஏற்றது. யானைத் துதிக்கை போல் வளைந்து நின்ற பழைய 'லை', 'னை' முதலியவை பாடநூலை விட்டு நீங்கின. தாத்தாவின் பழைய கடிதங்களைப் படிக்கும் பிள்ளைகள் இன்று அவ்விடங்களில் தடுமாறி நிற்பதைக் காண்கிறோம். மலையாளத்தின் கதை மேலும் திரும்பிற்று. கணினிக்கு 900 வடிவங்கள் ஒரு சுமையே அல்ல என்பதால், 1999இல் இந்நகரில் 'ரசனா' என்னும் இயக்கம் பழைய எழுத்துக்காக எழுந்தது. 2022இல் கேரள அரசும் பழைய கூட்டெழுத்துகளை ஓரளவு மீட்க முடிவு செய்தது. தட்டச்சுப் பொறிக்காக எழுத்தைச் சுருக்கினர். கணினி வந்தபின் சுருக்கியதை விரித்தனர். இடைப்பட்ட ஐம்பது ஆண்டுகளில் பள்ளி சென்ற பிள்ளைகளே இரண்டுக்கும் நடுவில் நின்றவர்கள்.

கைப்பேசிக்கு வருவோம். குறுஞ்செய்தி பரவிய காலத்தில், ஒரு செய்தியில் உரோமன் எழுத்தாயின் 160 இடங்கள். தமிழ் எழுத்தாயின் 70 இடங்களே. அதிலும் புள்ளியும் துணைக்காலும் கொம்பும் தனித்தனி இடம் கொள்ளும். 'வணக்கம்' என்னும் ஐந்தெழுத்துச் சொல் ஏழு இடங்களை அடைத்துக்கொள்ளும். எழுபதைக் கடந்தால் அஃது இரண்டு செய்தியாகக் கணக்கிடப்பட்டு, கட்டணமும் இரட்டிக்கும். செய்தியைப் பெறுபவரின் கருவியில் தமிழ் எழுத்து இல்லையேல் வெறுங்கட்டங்களே தெரியும். 2005இல் சிங்கப்பூரில் முத்து நெடுமாறனின் 'செல்லினம்' தமிழ்க் குறுஞ்செய்திக்கு வழி திறந்தது. எனினும் பெரும்பாலோர் கையில் இருந்த கருவிகளில் உரோமன் எழுத்தே எளிது, அதுவே மலிவு. சோம்பலால் வந்த பழக்கம் அன்று இது, சிக்கனத்தால் வந்தது. இன்று அந்தக் கட்டணத் தடையும் இல்லை, எழுத்துத் தடையும் இல்லை. ஏறக்குறைய எல்லாத் திறன்பேசிகளிலும் தமிழ் விசைப்பலகை உண்டு. பழக்கம் மட்டும் எஞ்சியிருக்கிறது.

அப்பழக்கத்தால் இழப்பது யாது? உரோமன் எழுத்தில் நம் பிள்ளைகள் எழுதும் முறையில் படம், பாடம், பதம், பாதம் ஆகிய நான்கும் ஒன்றே. பனியும் பணியும் ஒன்று. மரமும் மறமும் ஒன்று. கரியும் கறியும் ஒன்று. உரோமனில் எழுதினால் தமிழாக மாற்றித் தரும் விசைப்பலகையும் உண்டு. அது தானே ஊகித்துச் சில சொற்களை முன்வைக்கும். தேர்ந்தெடுப்பது எழுதுவோன் பொறுப்பு. நமக்குத் தெரிந்த ஒரு வீட்டுப் பையன், ஞாயிறன்று படம் பார்த்ததைத் தாத்தாவுக்கு அவ்வாறு எழுத, கருவி 'பாடம் பார்த்தேன்' என்று வடித்துக் கொடுத்தது. படிக்க அறியாத பிள்ளை அப்படியே விடுத்தான். தாத்தா பெரிதும் மகிழ்ந்ததாகக் கேள்வி.

இதற்கு மாற்று இல்லாமல் இல்லை. 1999 பிப்ரவரியில் சென்னையில் கூடிய தமிழ் இணைய மாநாட்டையொட்டித் தமிழ்நாடு அரசு ஏற்ற 'தமிழ்99' விசைப்பலகை, அரிச்சுவடியின் இயல்பிலேயே அமைந்தது. பன்னிரண்டு உயிரும் பதினெட்டு மெய்யும் அதில் தனித்தனியே நிற்கும். ககரத்தை அழுத்தி இகரத்தை அழுத்தினால் 'கி' பிறக்கும். 'அம்மா' என எழுத அ, ம, ம, ஆ என்று அழுத்தினால் போதும். இடையில் உள்ள மகரத்துக்குப் புள்ளியைக் கருவியே இடும். உயிரும் மெய்யும் கூடி உயிர்மெய் ஆகும் என்று இலக்கண ஆசிரியர் பலகையில் எழுதிக் காட்டுவதைப் பிள்ளையின் விரலே செய்து பார்க்கிறது. உரோமன் வழியோ ஆங்கில ஒலியில் நினைக்கப் பழக்குகிறது. இரண்டும் ஒரே கைப்பேசியில், ஒரே விலையில் கிடைப்பன.

புலம்பெயர்ந்த குடும்பங்களை எண்ணி 2001 பிப்ரவரி 17 அன்று தமிழ் இணையப் பல்கலைக்கழகம் தொடங்கப்பெற்றது. இப்போது அது தமிழ் இணையக் கல்விக்கழகம். மழலைக் கல்வி முதல் பட்டம் வரை அங்குப் பாடங்கள் உண்டு. 1998 பொங்கல் நாளில், சுவிட்சர்லாந்தில் வாழ்ந்த கு. கல்யாணசுந்தரம் முதலியோர் 'மதுரைத் திட்டம்' வாயிலாகப் பழந்தமிழ் நூல்களை மின்வடிவில் ஏற்றத் தொடங்கினர். 2020 ஜூன் முதல் கேரளத்தில் நடந்த தொலைக்காட்சி வகுப்புகளின் வரிசையில் தமிழ்வழிப் பாடங்களும் ஒளிபரப்பாயின. நூலுக்குப் பஞ்சமில்லை. ஆறாம் வகுப்புப் பிள்ளையின் அருகே நாள்தோறும் அரைமணி நேரம் அமர்வதற்கு யார் உளர் என்பதே நம் குடியிருப்புகளில் எழும் கேள்வி. ஓலைக் காலத்தில் ஆசிரியர் ஆற்றிய அப்பணியை இத்துணைக் கருவிகளும் நீக்கிவிடவில்லை.

1991 ஏப்ரல் 18 அன்று கேரளம் முழு எழுத்தறிவு பெற்றதாக அறிவிக்கப்பட்டது. 2025 ஆகஸ்டு 21 அன்று முழு மின்னறிவு பெற்றதாகவும் அறிவிக்கப்பட்டது. இரண்டும் ஒன்றல்ல. முன்னதற்கு எழுத்து வேண்டும். பின்னதன் பயன்களுள் பலவற்றைக் குரலாலும் காணொளியாலும் பெற்றுவிடலாம். எழுத்து அறியாமலே ஒருவர் உலகெங்கும் தமிழில் பேசலாம். நம் பிள்ளைகளின் தமிழ் அப்பக்கமே சாய்கிறது.

சென்ற கோடை விடுமுறையில் நம் இல்லத்துப் பெண்ணுக்குத் தமிழ்99 பலகையைப் பழக்கினோம். மூன்று வாரங்கள் ஆயின. முதலில் தன் பெயர், பின்னர்த் தெருப்பெயர், பின்னர்ச் சாலைக்கடைத் தெருவில் கண்ட தமிழ்ப் பெயர்ப்பலகைகள் என எழுதிப் பார்த்தாள். இறுதியில் நாகர்கோவிலில் உள்ள ஆச்சிக்கு நான்கு வரியில் ஒரு கடிதம் விடுத்தாள். 'கறி' என்பதில் வல்லின றகரம் சரியாகவே இருந்தது. ஆச்சி அக்காலத்து எட்டாம் வகுப்புப் படித்தவர். அழகிய கையெழுத்து உடையவர். கடிதத்தை இரண்டு முறை உரக்கப் படித்ததாகச் சொன்னார். மறுமொழியை மட்டும் குரலாகவே அனுப்பினார். இந்த வயதில் விசைகளைத் தேடிக் கொண்டிருக்க அவருக்குப் பொறுமை இல்லையாம்.