வானம் பார்த்த பூமியின் அரசன்: உகாரித் பலகைகளில் பாகாலின் மரணம்

சிரியாவின் மத்தியதரைக் கடற்கரையில், லத்தாக்கியாவுக்குச் சற்று வடக்கே உள்ள ராஸ் ஷம்ரா மேட்டில் 1929 இல் குளோத் ஷேஃபர் தொடங்கிய அகழாய்வு, உகாரித் என்னும் வெண்கலக் காலத் துறைமுக அரசை வெளிக்கொணர்ந்தது. அங்கே கிடைத்த களிமண் பலகைகளில் பல, முப்பது குறிகளே கொண்ட ஓர் ஆப்பு வடிவ நெடுங்கணக்கில் எழுதப்பட்டிருந்தன. ஹான்ஸ் பாவர், எதுவார் தோர்ம், ஷார்ல் விரோலோ ஆகிய மூவரின் உழைப்பால் 1930 இலேயே அந்த எழுத்தின் பூட்டுத் திறந்தது. கானானியரின் புயல் தெய்வமான பாகாலைப் பற்றி அதுவரை உலகம் அறிந்திருந்ததில் பெரும்பகுதி, அவனை வெறுத்தவர்கள் எழுதியது. எபிரேய விவிலியத்தின் கண்டனங்களே முதன்மைச் சான்று. இப்போது அவனை வழிபட்டவர்கள் எழுதிவைத்த கதையே, சிதைவுகளோடு, ஆறு பலகைகளில் கிடைத்தது. ஆனால் பலகைகளை வாசிக்கும் முன்பே அவற்றுக்கான விளக்கம் தயாராக இருந்தது. ஜேம்ஸ் ஃப்ரேசரின் ‘பொற்கிளை’ 1890 முதல் பரப்பிவந்த கருத்து அது: ஆண்டுதோறும் பயிரோடு மடிந்து பயிரோடு உயிர்க்கும் தெய்வம். பாகால் அந்த வார்ப்பில் ஊற்றப்பட்டான். இந்த வார்ப்பு அவனுக்குப் பொருந்தவில்லை என்பதே இக்கட்டுரையின் வாதம். பலகைகள் கவலையோடு பேசுவது ஆண்டுதோறும் தவறாமல் வரும் கோடையைப் பற்றி அன்று. எப்போது வரும் என்று சொல்லமுடியாத பஞ்சத்தைப் பற்றி. அவற்றில் வளம் என்பது பாகாலின் அரசாட்சியிலிருந்து பிறப்பது. அந்த அரசாட்சியோ ஒருபோதும் உறுதிப்படாதது.

கதையின் போக்கைச் சுருக்கமாகச் சொல்லலாம். தெய்வங்களின் தந்தையான ஏல், கடலின் அதிபதி யம்முவின் தூதர்களிடம் பாகாலை அடிமையாக ஒப்படைக்க இசைகிறான். கைவினைத் தெய்வமான கோதர் செய்துதந்த இரு தண்டாயுதங்களால் பாகால் யம்முவை வீழ்த்துகிறான். பிறகு தனக்கு அரண்மனை இல்லை என்று முறையிட்டு, அனாத், அதிரத் ஆகிய இரு தேவியரின் பரிந்துரையால் ஏலின் அனுமதி பெற்று, சாபோன் மலையில் மாளிகை கட்டுகிறான். அம்மலை உகாரித்துக்கு வடக்கே, இன்றைய துருக்கி எல்லையில் கடலோரமாக எழும் ஜெபல் அக்ரா; 1,700 மீட்டருக்கும் மேற்பட்ட உயரம். அடுத்து சாவின் தெய்வமான மோத் அவனைத் தன் வாய்க்குள் அழைக்கிறான். பாகால் பாதாளம் புகுகிறான். அனாத் மோத்தைக் கொன்று சிதைக்கிறாள். வானம் எண்ணெய் பொழிவதாகவும் ஓடைகளில் தேன் ஓடுவதாகவும் ஏல் கனவு காண்கிறான். பாகால் உயிரோடிருப்பது அதனால் தெரியவருகிறது. ஏழாம் ஆண்டில் மோத் திரும்பி வருகிறான், இருவரும் மோதுகிறார்கள், கதை அத்துடன் முடிவை நெருங்குகிறது.

பருவச் சுழற்சி விளக்கத்தின் கவர்ச்சியை நான் குறைத்து மதிப்பிடவில்லை. தியோடர் காஸ்டர் 1950 இல் வெளியிட்ட ‘தெஸ்பிஸ்’ நூலில் இக்கதையைப் பருவ விழாவின் நாடகமாகக் கண்டார். யோஹான்னஸ் டி மூர் 1971 இல் இன்னும் துணிந்து, இலையுதிர் காலம் தொடங்கி அடுத்த கோடை வரை கதையின் ஒவ்வொரு நிகழ்ச்சியையும் மாத வரிசையில் பொருத்திக் காட்டினார். அக்கடற்கரையின் தட்பவெப்பம் இதற்கு இடம் தருவதுபோலத் தோன்றும்: மழை இலையுதிர் காலத்தில் தொடங்கி வசந்தத்தோடு நின்றுவிடும், நடுக்கோடையில் வானம் வறண்டு கிடக்கும். ஆகவே பாகால் சாவது கோடை, மீள்வது முதல் மழை. ஆனால் அந்த மண்ணில் உழுதவனுக்குக் கோடை சாவின் காலமா என்று கேட்டுப்பார்த்தால் இச்சமன்பாடு ஆட்டம் காண்கிறது. கோதுமையும் வாற்கோதுமையும் அறுவடையாவது கோடைத் தொடக்கத்தில். திராட்சையும் அத்தியும் பழுப்பது கோடையில். ஒலிவக் காய் முற்றுவது அதன் இறுதியில். களஞ்சியமும் சாடியும் நிறைவது இந்த மாதங்களில்தான். சைரஸ் கார்டன் இதை வெகுகாலம் முன்பே சுட்டிக்காட்டினார். அவருடைய மறுப்புக்கு உரிய கவனம் கிடைத்ததாக எனக்குத் தோன்றவில்லை. இதைவிட வலுவான சான்று பலகைக்குள்ளேயே இருக்கிறது. பாதாளம் புகும்போது பாகால் தன் மேகங்களையும் காற்றையும் இடியையும் மழையையும் உடன் கொண்டுசெல்லவேண்டும் என்பது கட்டளை. அதோடு பித்ராய், தல்லாய் என்ற தன் பெண்களையும் அழைத்துச் செல்லவேண்டும். தல்லாய் பனித்துளியின் பெயர் தாங்கியவள். கிழக்கு மத்தியதரைக் கடற்கரையில் மழையற்ற கோடையிலும் இரவுப் பனி கனத்துப் பெய்யும்; கொடியும் மரமும் அதைக் கொண்டு தாக்குப்பிடிக்கும். பனியும் கூடவே மறைந்துபோகும் காலம் வழக்கமான கோடையாக இருக்கமுடியாது. கதை சொல்பவன் தன் கேட்போருக்கு, அவர்கள் ஆண்டுதோறும் கண்டதைக் காட்டவில்லை. காண அஞ்சியதைக் காட்டுகிறான்.

உகாரித்தின் மற்றொரு காவியமான அக்ஹாத் கதை இதை உறுதிசெய்கிறது. மகன் கொலையுண்டதை இன்னும் அறியாத தானேல், பாகால் ஏழாண்டு, எட்டாண்டு தவறிவிடும் நிலையைப் பேசுகிறான். அங்கும் மழையோடு பனி இல்லாமை சேர்த்தே சொல்லப்படுகிறது. மோத் திரும்பி வருவதும் ஏழாம் ஆண்டில்தான். நாள்கள் மாதங்களாக, மாதங்கள் ஆண்டுகளாகக் கழிந்ததைப் பலகை வரிசையாகச் சொல்லிவிட்டே அந்த இடத்துக்கு வருகிறது. ஏழு என்பது மேற்காசிய இலக்கியத்தின் மரபெண், அதைக் கணக்காக எடுக்கக்கூடாது என்று மறுக்கலாம். மறுப்பு நியாயமானதே, சரியாக ஏழாண்டுக்கு ஒருமுறை பஞ்சம் என்ற சுழற்சியை இதிலிருந்து பெறமுடியாது. கார்டன் அந்தத் திசையில் சற்று அதிகமாகவே சென்றார். ஆனால் மரபெண்ணாக இருந்தாலும் அது பல ஆண்டுகளைக் குறிக்கும் மரபெண். ஓராண்டுச் சுழற்சியைப் பாட விரும்பிய புலவனுக்கு அதைத் தேர்ந்தெடுக்க எந்தக் காரணமும் இல்லை.

இதற்கு எதிராக வைக்கப்படும் மிகக் கூர்மையான சான்று மோத்தின் அழிவு. அனாத் அவனை வாளால் பிளக்கிறாள், முறத்தால் தூற்றுகிறாள், நெருப்பில் சுடுகிறாள், திரிகையில் அரைக்கிறாள், வயலில் விதைக்கிறாள். இது கதிரறுப்பிலிருந்து விதைப்பு வரையான வேளாண்மை வரிசை. ஆகவே மோத் முற்றிய தானியம். ஆகவே கதை பருவ விழா என்று காஸ்டர் வழியினர் வாதிட்டனர். இந்த வரிசையை மெதுவாகப் படித்தால் உழவன் முகம் சுளிப்பான். சுட்டு அரைத்த மாவை யாரும் விதைப்பதில்லை. விதைத்தபின் முளைப்பதைப் பற்றிப் பலகை பேசவில்லை. பறவைகள் அவன் தசையைத் தின்றதைத்தான் பேசுகிறது. ஏழாம் ஆண்டில் மோத்தே தன் துன்பங்களைப் பட்டியலிடும்போது, கடலில் சிதறடிக்கப்பட்டதையும் சேர்த்துச் சொல்கிறான். கடலில் விதைக்கும் வேளாண்மை எங்கும் இல்லை. யாத்திராகமத்தில் மோசே பொன் கன்றுக்குட்டியைச் சுட்டு, பொடியாக அரைத்து, தண்ணீரின்மேல் தூவுகிறான்; அங்கே யாரும் அறுவடையைத் தேடுவதில்லை. பகைவனின் சுவடே எஞ்சக்கூடாது என்ற முழு அழிப்பின் சொல்முறை அது. அனாத்தின் செயலும் அந்த மரபில் வருவதே. அவ்வளவு அழித்தும் மோத் மீள்கிறான் என்பதில்தான் கதையின் அச்சம் குடிகொண்டிருக்கிறது.

சடங்கு என்ற கோணத்திலிருந்தும் எதிர்வாதம் எழுந்துள்ளது. ஜோனதன் ஸ்மித் 1987 இல் ‘இறந்து உயிர்க்கும் தெய்வங்கள்’ என்ற வகைமையே நவீன அறிஞரின் புனைவு என்று சாடியபின், திரிக்வே மெட்டிங்கர் 2001 இல் அதை மறுத்து, பாகால் உண்மையிலேயே இறந்து மீள்கிறான் என்று நிறுவினார். இதில் மெட்டிங்கர் பக்கமே நியாயம் இருப்பதாக நான் கருதுகிறேன். ஏல் அரியணையிலிருந்து இறங்கித் தரையில் அமர்ந்து தலையில் புழுதி இறைத்துக்கொள்ளும் காட்சியைப் படித்தபின், பாகால் இறக்கவில்லை, மறைந்தான் அவ்வளவுதான் என்று சொல்வது வலிந்த வாசிப்பு. ஆனால் இறப்பது வேறு. ஆண்டுதோறும் இறப்பது வேறு. உகாரித்தில் கிடைத்த பலிப் பட்டியல்களிலும் சடங்குக் குறிப்புகளிலும் பாகாலின் பெயர் மீண்டும் மீண்டும் வருகிறது. அவன் சாவுக்கு ஆண்டுதோறும் துக்கம் காத்த விழா என்று தெளிவாகச் சொல்லத்தக்கது அவற்றில் இல்லை. சகரியா ஆகமம் மெகிதோ சமவெளியில் ஆதாத்-ரிம்மோனுக்காக எழுந்த புலம்பலைக் குறிப்பிடுவதைச் சிலர் இங்கே கொண்டுவருகிறார்கள். அந்நூல் உகாரித் அழிந்து அறுநூறு ஆண்டுகளுக்கும் பிற்பட்டது. அப்புலம்பல் பருவந்தோறும் நிகழ்ந்ததா, பஞ்சத்தில் மட்டுமா என்பதையும் அது சொல்லவில்லை.

கோடை என்ற திறவுகோல் பொருந்தாவிட்டால் வேறு எது பொருந்தும்? பலகைகளே விடை தருகின்றன. ஆறு பலகைகளிலும் ஓயாமல் எழும் கேள்வி யார் அரசன் என்பதுதான். மாளிகைக்கு ஏல் அனுமதி தந்ததும் அதிரத் மகிழ்ந்து, இனிப் பாகால் தன் மழைக்கு உரிய காலத்தை வகுப்பான், மேகத்தில் குரல் கொடுப்பான் என்கிறாள். அதாவது மழை தன் பருவத்தில் வருவதே அரசனுக்கு வீடு அமைவதைப் பொறுத்தது. மாளிகையில் சாளரம் வைக்கக் கோதர் யோசனை சொல்ல, பாகால் முதலில் மறுத்துப் பின்னர் இசைகிறான். சாளரம் திறக்கிறது, மேகம் பிளக்கிறது, இடி முழங்குகிறது. அப்போது பயிர் தழைத்ததாகக் கதை சொல்லவில்லை. பூமி நடுங்குகிறது, பகைவர்கள் காடுகளிலும் மலைச்சரிவுகளிலும் பதுங்குகிறார்கள். இடியின் முதற்பயன் ஆட்சி. கோட்டை வாயிலில் எதிரி வந்து நின்றால் பாகாலை நோக்கிக் கண்ணுயர்த்தி நேர்ந்துகொள்ளச் சொல்லும் உகாரித்தின் வேண்டுதலும், ஷேஃபர் குழு 1932 இல் கண்டெடுத்து இன்று லூவர் அருங்காட்சியகத்தில் நிற்கும் கற்பலகையும் இதையே காட்டுகின்றன. அக்கல்லில் ஒரு கையில் தண்டாயுதம் ஓங்கி, மறுகையில் மின்னலை ஈட்டியாக ஊன்றி நிற்கும் பாகாலுக்குக் கீழே சிற்றுருவாக நிற்பவன் உகாரித்தின் அரசன் என்றே பெரும்பாலோர் கொள்கின்றனர். புயல் தெய்வத்துக்கும் அரசனுக்கும் உள்ள இத்தொடர்பு உகாரித் பலகைகளுக்கும் பழையது: கி.மு. 18ஆம் நூற்றாண்டின் மாரி நகரக் கடிதம் ஒன்றில், அலெப்போவின் புயல் தெய்வம் தான் கடலோடு போரிட்ட ஆயுதங்களை அரசன் சிம்ரி-லிம்முக்குத் தந்ததாகச் சொல்கிறது. உகாரித்தின் கிர்தா காவியத்திலோ அரசன் நோயுற்றுக் கிடக்கையில் பாகாலின் மழைக்காக நிலம் ஏங்குகிறது. உழுவோர் தலைநிமிர்ந்து பார்க்கிறார்கள். தானியமும் மதுவும் எண்ணெயும் தீர்ந்துவிட்டன. எகிப்துக்கு நைல் இருந்தது, பாபிலோனுக்கு யூப்ரத்தீசும் வாய்க்கால்களும் இருந்தன. உகாரித்தின் வயல்கள் பெரும்பாலும் மானாவாரி; வானம் பார்த்த பூமி. கானானுக்கும் எகிப்துக்கும் உள்ள இந்த வேறுபாட்டை உபாகமம் பதினோராம் அதிகாரமும் வெளிப்படையாகவே சொல்கிறது. அத்தகைய மண்ணில் மழையின் தெய்வம் அரசனாக இருப்பதும், அவன் அரசு தடுமாறுவதே பஞ்சமாக உணரப்படுவதும் இயல்பு.

தடுமாறும் அரசு என்பதை அழுத்திச் சொல்லவேண்டும். மார்க் ஸ்மித் 1994 இல் வெளியிட்ட விரிவுரையில் பாகாலின் உயர்வு வரம்புக்குட்பட்டது என்று காட்டியது, இத்துறையின் மிகப் பயனுள்ள அவதானிப்புகளில் ஒன்று. ஆயுதம் கோதர் தந்தது, மாளிகை ஏல் அனுமதித்தது, பழிதீர்த்தது அனாத், பாதாளத்தில் அவனைத் தேடியவள் சூரிய தேவி ஷப்ஷு. அவன் இல்லாதபோது அரியணை ஏறிய அத்தர் என்னும் தெய்வத்தின் கால்கள் பாதப்படிக்கு எட்டவில்லை, தலை உச்சிக்கு எட்டவில்லை. அவ்விடத்துக்குத் தகுந்தவர் வேறொருவரும் இல்லை. தகுந்தவனுக்கோ முழு வலிமை இல்லை. இறுதிப் போரில் பாகாலும் மோத்தும் காட்டெருதுகள்போல முட்டி, பாம்புகள்போலக் கடித்து, இருவருமே விழுகிறார்கள். தீர்ப்பு வருவது ஷப்ஷுவின் எச்சரிக்கையால்: ஏல் கேட்டால் மோத்தின் அரியணையே கவிழும் என்கிறாள், மோத் அஞ்சி விலகுகிறான். மோத் ஒழிந்தான் என்று எந்த இடத்திலும் சொல்லப்படவில்லை. இதை எழுதிய இலிமில்கு, நிக்மத்து மன்னனின் அவையைச் சேர்ந்தவன் என்று பலகையின் முடிவுரை அறிவிக்கிறது, அவனைக் கி.மு. 13ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் வைப்பதே இன்று பலர் ஏற்கும் கணிப்பு. உகாரித் ஹித்தைட் பேரரசுக்கு ஆண்டுதோறும் திறை செலுத்திய சிற்றரசு; தன் வாயிலுக்குள் அரசன், வெளியே அடியாள். யம்முவுக்குத் திறை கொண்டுவருவான் என்று ஏல் வாக்களித்த பாகாலின் நிலையை அந்த அவை புரிந்துகொள்ள விளக்கவுரை தேவைப்பட்டிருக்காது. அந்நூற்றாண்டின் இறுதியில் தானியப் பற்றாக்குறை ஹித்தைட் நாட்டையே வாட்டியது. தானியம் ஏற்றிச்செல்ல உகாரித்திடம் கப்பல் கேட்டு வந்த அவசரக் கடிதமும் அகழாய்வில் கிடைத்திருக்கிறது.

பாகால் வளத்தின் தெய்வமே அல்லன் என்று நான் சொல்வதாக இதைக் கொள்ளவேண்டாம். எண்ணெயும் தேனுமாய் ஏல் கண்ட கனவு வளம் அன்றி வேறில்லை. ஆனால் அந்தப் பட்டத்தை முதலில் சூட்டிவிட்டால், போரும் மாளிகையும் தூதும் திறையும் நிறைந்த மீதிக் கதை அலங்காரமாகிவிடுகிறது. அரசாட்சியை முதலில் வைத்தால் வளமும் தன் இடத்தில் பொருந்துகிறது. பாகாலின் எதிரிகளும் அவனை இவ்வாறே புரிந்துகொண்டிருந்தார்கள் என்பதற்கு முதலாம் இராஜாக்கள் பதினெட்டாம் அதிகாரம் சான்று. கர்மேல் மலையில் எலியா பாகாலின் தீர்க்கதரிசிகளைச் சவாலுக்கு அழைப்பது விதைப்பு விழாவிலோ அறுவடை விழாவிலோ அன்று. மழையும் பனியும் இல்லாமல் பல ஆண்டுகள் கழிந்த பஞ்சத்தின் நடுவில். அந்தப் பஞ்சத்தை அறிவிக்கும் முந்தைய அதிகாரத்திலும் தானேலின் பேச்சைப் போலவே பனியும் மழையும் இணைத்துச் சொல்லப்படுகின்றன. அங்கே போட்டி எந்தத் தெய்வம் ஆண்டுதோறும் உயிர்க்கிறது என்பதைப் பற்றியதாக இல்லை. வானத்திலிருந்து நெருப்பை இறக்க வல்லவன் யார், நின்றுபோன மழையைத் திரும்ப வரவழைக்க வல்லவன் யார், ஆகவே இஸ்ரவேலில் யார் கடவுள் என்பதே கேள்வி. உகாரித்தின் புலவனுக்கும் எபிரேய வரலாற்றாசிரியனுக்கும் விடை வேறாக இருந்தது, கேள்வி ஒன்றே.