மிசிசிப்பி, 1964: 87 விழுக்காட்டின் முன்வரலாறு

1964 நவம்பர் 3 அன்று நடந்த அமெரிக்க அதிபர் தேர்தலில் ஜனநாயகக் கட்சியின் லிண்டன் ஜான்சன் நாடு முழுவதும் 61 விழுக்காடு வாக்குகளைப் பெற்றார். தேர்வாளர் குழுவின் 538 வாக்குகளில் 486 அவருக்குக் கிடைத்தன. குடியரசுக் கட்சியின் பேரி கோல்ட்வாட்டருக்கு மிஞ்சியவை, சொந்த மாநிலமான அரிசோனாவும் தெற்கில் ஐந்து மாநிலங்களும்தான். அந்த ஐந்திலும் மிசிசிப்பி தனித்து நிற்கிறது. அங்கே கோல்ட்வாட்டர் 3,56,528 வாக்குகளும் ஜான்சன் 52,618 வாக்குகளும் பெற்றனர், அதாவது 87.1 விழுக்காடும் 12.9 விழுக்காடும். மாநிலத்தின் 82 கவுண்டிகளில் ஒன்றுகூட ஜான்சன் பக்கம் வரவில்லை. 1872இல் யுலிசஸ் கிராண்ட் வென்ற பிறகு அதுவரை குடியரசுக் கட்சி அங்கு வென்றதே இல்லை.

இதைத் தென்மாநில அரசியலின் திடீர்த் திருப்பம் என்று எழுதுவது வழக்கமாகிவிட்டது. கட்சிப் பெயர்களை ஒதுக்கிவிட்டு, யார் வாக்களித்தார்கள், யாருக்கு அந்த வாய்ப்பே கிடைக்கவில்லை என்று பார்த்தால் அந்தத் திருப்பம் மறைந்துபோகிறது. மாறியது வேட்பாளரின் கட்சி. வாக்களித்த கூட்டமும் அதன் நோக்கமும் முக்கால் நூற்றாண்டாக ஏறத்தாழ அப்படியே இருந்தன என்பதே இக்கட்டுரையின் வாதம்.

அந்தக் கூட்டம் தானாகச் சேர்ந்ததன்று; சட்டம் போட்டுச் சேர்த்தது. உள்நாட்டுப் போருக்குப் பின் மிசிசிப்பியில் கறுப்பின ஆண்கள் பெருந்திரளாக வாக்களித்தார்கள். ஹைரம் ரெவல்சும் பிளான்ச் புரூசும் அம்மாநிலத்திலிருந்து அமெரிக்க மேலவைக்குச் சென்ற கறுப்பினத்தவர்கள். 1875இல் துப்பாக்கியும் மிரட்டலும் அந்தக் காலத்துக்கு முடிவு கட்டின. 1890ஆம் ஆண்டு மாநில அரசியலமைப்பு அந்த முடிவுக்குச் சட்டவடிவம் கொடுத்தது. ஆண்டுக்கு இரண்டு டாலர் தலைவரி. கூடவே, அரசியலமைப்பின் ஏதாவதொரு பிரிவைப் படிக்கவோ, படித்துக் காட்டினால் விளக்கம் சொல்லவோ தெரிய வேண்டும் என்ற நிபந்தனை. எந்தப் பிரிவு என்பதையும் விளக்கம் சரியா என்பதையும் கவுண்டிப் பதிவாளரே முடிவு செய்வார். இனம் என்ற சொல்லே வராமல் இன அடிப்படையில் வாக்காளர் பட்டியலைச் சலித்தெடுத்த ஏற்பாடு இது. பிற தென்மாநிலங்கள் பின்னாளில் இதைப் பார்த்தே சட்டம் எழுதின.

இப்படி உருவான வாக்காளர் தொகுதி 1936இல் ஜனநாயகக் கட்சியின் ஃபிராங்க்ளின் ரூஸ்வெல்ட்டுக்கு 97 விழுக்காடு கொடுத்தது. 1948இல் ஜனநாயகக் கட்சி குடிமை உரிமைகளை ஆதரித்துத் தீர்மானம் போட்டதும், மாநாட்டிலிருந்து மிசிசிப்பிப் பிரதிநிதிகள் வெளியேறினார்கள். வெளியேறியோர் தரப்பில் உருவான மாநில உரிமைக் கட்சியின் சார்பில் ஸ்ட்ராம் தர்மண்ட் நின்றார்; துணை அதிபர் வேட்பாளர் மிசிசிப்பி ஆளுநர் ஃபீல்டிங் ரைட். தர்மண்டுக்கு அம்மாநிலத்தில் கிடைத்தது 87.2 விழுக்காடு. பதவியிலிருந்த அதிபர் ட்ரூமனுக்கு 10 விழுக்காடுதான். பதினாறு ஆண்டுகள் கழித்து வேறொரு கட்சியின் கோல்ட்வாட்டர் பெற்ற பங்கையும் இதையும் பக்கத்தில் வைத்துப் பார்க்கையில், தசமப் புள்ளிக்குப் பின்னால்தான் வித்தியாசம் தெரிகிறது. தற்செயல் ஒற்றுமை என்று இதைக் கடந்துபோக எனக்கு மனம் வரவில்லை.

இடையில் வந்த 1960 தேர்தல், இந்தத் தொகுதி கட்சியைத் தேடிக்கொண்டிருந்ததைக் காட்டுகிறது. ஆளுநர் ராஸ் பார்னெட்டின் ஆதரவோடு, எந்த வேட்பாளருக்கும் கட்டுப்படாத தேர்வாளர் பட்டியல் ஒன்று நின்றது. அதற்கு 39 விழுக்காடு, கென்னடிக்கு 36, நிக்சனுக்கு 25. வென்ற தேர்வாளர்கள் எட்டுப் பேரும் போட்டியிலேயே இல்லாத வர்ஜீனியா மேலவை உறுப்பினர் ஹாரி பேர்டுக்கு வாக்களித்தார்கள்.

அடுத்த நான்காண்டுகள் மிசிசிப்பியில் இரத்தம் சிந்திய ஆண்டுகள். 1962இல் கறுப்பின மாணவர் ஜேம்ஸ் மெரிடித் வெள்ளையர் மட்டுமே படித்த மாநிலப் பல்கலைக்கழகத்தில் சேர்ந்தபோது கலவரத்தில் இருவர் மாண்டனர். 1963 ஜூனில் குடிமை உரிமை இயக்கத் தலைவர் மெட்கர் எவர்ஸ் தன் வீட்டு வாசலில் சுட்டுக் கொல்லப்பட்டார். 1964 ஜூன் 21 அன்று நெஷோபா கவுண்டியில் ஜேம்ஸ் சேனி, ஆண்ட்ரூ குட்மன், மைக்கேல் ஷ்வெர்னர் என்ற மூன்று இளைஞர்கள் கொல்லப்பட்டார்கள். உடல்கள் ஆகஸ்டில்தான் கிடைத்தன. கறுப்பின மக்களை வாக்காளராகப் பதிவு செய்ய முயன்ற இயக்கத்தின் களப்பணியாளர்கள் அவர்கள். அதே கோடையில், ஜூலை 2 அன்று, ஜான்சன் குடிமை உரிமைச் சட்டத்தில் கையெழுத்திட்டார். மேலவையில் அதை எதிர்த்து வாக்களித்தவர்களில் ஒருவர் கோல்ட்வாட்டர்.

1957, 1960 குடிமை உரிமைச் சட்டங்களை அவர் ஆதரித்தவர். 1964 சட்டத்தின் இரு பகுதிகள் அரசியலமைப்புக்கு முரணானவை என்பதே அவர் சொன்ன காரணம். அந்த நுணுக்கம் மிசிசிப்பியில் யாருக்கும் தேவைப்படவில்லை. அவர் எதிர்த்து வாக்களித்தார் என்பதே போதுமானதாக இருந்தது. டென்னசி பள்ளத்தாக்கு ஆணையத்தை விற்றுவிடலாம் என்ற அவருடைய பேச்சு, 1934 முதல் அந்த ஆணையத்தின் மின்சாரத்தைப் பெற்றுவந்த வடகிழக்குக் குன்றுப் பகுதியில் மட்டும் அவருக்கு வந்த வாக்கைச் சற்றுக் குறைத்தது. பணப்பைக் கணக்கைவிட நிறக் கணக்கே பெரிதாக நின்றது.

1960இல் மாநிலத்தில் பதிவான மொத்த வாக்குகள் 2,98,171. 1964இல் அது 4,09,146 ஆக உயர்ந்தது. புதிதாக வந்த ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட வாக்குகள் ஏறக்குறைய முழுவதும் வெள்ளையர் வாக்குகளாகவே இருந்திருக்க வேண்டும். ஏனெனில் மாநில மக்கள்தொகையில் 42 விழுக்காடாக இருந்த கறுப்பினத்தவரில், வாக்களிக்கும் வயதுடைய சுமார் 4.22 லட்சம் பேரில், பதிவு பெற்றிருந்தோர் 6.7 விழுக்காடு மட்டுமே. அதாவது 28,500 பேர் அளவில். அத்தனை பேரும் வாக்குச்சாவடிக்கு வந்து ஜான்சனுக்கே வாக்களித்தார்கள் என்று வைத்துக்கொண்டாலும், அவருடைய எண்ணிக்கையில் 24,000க்கு மேல் வெள்ளையர் வாக்குகள். எளிதில் மறக்கப்படும் அந்தச் சிறுபான்மையையும் இங்கே குறித்துவைப்பது நியாயம். மறுபுறம், இரு இனத்திலும் வாக்களிக்கும் வயது வந்தோர் அனைவரையும் கணக்கில் எடுத்தால், கோல்ட்வாட்டரின் 87 விழுக்காடு பத்துப் பேரில் மூவராகச் சுருங்கிவிடுகிறது.

விலக்கப்பட்டவர்கள் எப்படி வாக்களித்திருப்பார்கள் என்பதை ஊகிக்க வேண்டியதில்லை. அவர்களே நடத்திக் காட்டினார்கள். 1963 இலையுதிர் காலத்தில் தேவாலயங்களிலும் கடைகளிலும் பெட்டி வைத்து நடந்த ‘சுதந்திர வாக்கெடுப்பில்’ சுமார் 80,000 பேர் கலந்துகொண்டு, ஆளுநர் பதவிக்குக் குடிமை உரிமை இயக்கத் தலைவர் ஏரன் ஹென்றியை ஆதரித்தார்கள். சட்டப்படி செல்லாத அந்த வாக்குகள், மறு ஆண்டு மாநிலம் முழுவதும் ஜான்சன் பெற்றவற்றைவிட அதிகம்.

பதிவு செய்யப் போனவர்களுக்கு நேர்ந்ததை ஃபேனி லூ ஹேமர் 1964 ஆகஸ்டில் அட்லாண்டிக் சிட்டியில் நடந்த ஜனநாயகக் கட்சி மாநாட்டில், பிரதிநிதிகளின் தகுதியை ஆராயும் குழுவின் முன் நாடறியச் சொன்னார். 1962இல் இண்டியனோலா நீதிமன்றத்துக்குப் போய்ப் பதிவுக்கு விண்ணப்பித்ததற்காக, பதினெட்டு ஆண்டுகள் உழைத்த தோட்டத்திலிருந்து அன்றிரவே வெளியேற்றப்பட்டவர் அவர். வெள்ளையர் மட்டுமே இருந்த அதிகாரபூர்வக் குழுவுக்குப் பதிலாகத் தங்களை ஏற்கக் கோரி, ஹேமரும் தோழர்களும் அமைத்த மிசிசிப்பி சுதந்திர ஜனநாயகக் கட்சி சார்பில் வந்த குழுவுக்கு மாநாட்டில் இரண்டே இருக்கைகள் தருவதாகக் கட்சித் தலைமை சொன்னது. அவர்கள் மறுத்தார்கள். அந்த அதிகாரபூர்வக் குழுவினரோ, வேட்பாளருக்கு விசுவாச உறுதி தர விரும்பாமல் பெரும்பாலும் ஊர் திரும்பினார்கள். கட்சி கைவிட்ட ஹேமரின் தோழர்களே அந்த இலையுதிர் காலத்தில் ஜான்சனுக்கு வாக்குக் கேட்டார்கள். இந்தத் தேர்தல் வரலாற்றில் என்னை மிகவும் நெகிழவைக்கும் செயல் இது.

1965 ஆகஸ்டில் வாக்குரிமைச் சட்டம் வந்தது. எழுத்தறிவுத் தேர்வு நிறுத்தப்பட்டது. தேவையான கவுண்டிகளுக்குக் கூட்டரசுப் பதிவாளர்கள் அனுப்பப்பட்டார்கள். 1967க்குள் மிசிசிப்பியில் கறுப்பினத்தவர் பதிவு 59.8 விழுக்காட்டை எட்டியது. அந்த ஆண்டு ஹோம்ஸ் கவுண்டியிலிருந்து ராபர்ட் கிளார்க் மாநிலச் சட்டமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார். 1968 தேர்தலில் பதிவான வாக்குகள் 6.5 லட்சத்தைத் தாண்டின. இனப்பிரிவினையை வெளிப்படையாக ஆதரித்த ஜார்ஜ் வாலஸ் 63.5 விழுக்காடு பெற்றுத் தேர்வாளர் வாக்குகளை அள்ளிக்கொண்டார், நிக்சனுக்கு 13.5 விழுக்காடுதான். நான்காண்டுக்கு முன் மூன்றரை லட்சம் பேரைக் கவர்ந்தது குடியரசுக் கட்சிக் கொள்கை என்றால், அவர்களில் பெரும்பாலோர் வாலஸிடம் போயிருக்க மாட்டார்கள். ஜனநாயகக் கட்சியின் ஹியூபர்ட் ஹம்ஃப்ரிக்குக் கிடைத்தவை 1,50,644 வாக்குகள். ஜான்சன் பெற்றதைப்போல் ஏறக்குறைய மூன்று மடங்கான அந்த எண்ணிக்கையில் பெரும்பகுதி, 1964இல் பட்டியலிலேயே இல்லாதவர்களுடையது.