பைஇன்ஸ்டாலர் கோப்பிலிருந்து நிரலைப் பிரித்தெடுத்தல்: பிழைகளும் காரணங்களும்

பைதான் நிரலை, பைதான் நிறுவாத கணினியிலும் ஓடும்படி ஒரே எக்ஸி கோப்பாகக் கட்டித் தரும் மென்பொருள் பைஇன்ஸ்டாலர். மூலநிரலைத் தொலைத்தவர்களும் தீநிரல்களை ஆராய்பவர்களும் அந்தக் கட்டைப் பிரிக்கும்போது பிழை வந்தால், கோப்பு கெட்டுவிட்டது என்றோ கருவி சரியில்லை என்றோ முடிவுகட்டிவிடுகிறார்கள். பெரும்பாலும் காரணம் வேறு: பைதான் பதிப்பு பொருந்தவில்லை. கட்டின் அமைப்பே இதற்குச் சான்று. முன்னால் துவக்கி, அதன் வாலில் ஒட்டிய காப்பகம், அதற்குள் பிஒய்இசட் என்ற இன்னொரு காப்பகம். தொகுதிகளின் பைட்கோடு இதற்குள்தான் 'மார்ஷல்' வடிவில் சுருங்கிக் கிடக்கிறது. அந்த வடிவம் பதிப்புக்குப் பதிப்பு மாறலாம் என்று பைதான் ஆவணமே எச்சரிக்கிறது. அதனால்தான் பைதான் 3.8இல் கட்டியதை 3.11இல் பிரித்தால், பைஇன்ஸ்ட்எக்ஸ்ட்ராக்டர் என்ற பிரிப்புக் கருவி வெளிக்காப்பகத்தைப் பிரித்துவிட்டு, பிஒய்இசட்டைத் தொடாமல் விட்டுவிடுகிறது. புதிய பைதான் பழையதையும் படிக்கும் என்ற நம்பிக்கை இங்கே செல்லாது. இந்தக் கருவியைக் கட்டிய அதே பதிப்பில்தான் ஓட்ட வேண்டும்.

'மேஜிக் எண் தவறு' என்ற பிழையும் இதே வழியில் வருவதுதான். பைட்கோடைச் சேமிக்கும் பிஒய்சி கோப்பின் தலைப்பு பைதான் 3.3க்கு முன் 8 பைட், 3.3 முதல் 3.6 வரை 12, 3.7 முதல் 16. முதன்மை நிரலைப் பைஇன்ஸ்டாலர் இந்தத் தலைப்பு இல்லாமலே சேமிக்கிறது. கோப்பை ஹெக்ஸ் எடிட்டரில் திறந்தால் தெரிந்துவிடும்: பைதான் 3.8 எனில் மேஜிக் எண்ணான முதல் நான்கு பைட்டுகள் 55 0D 0D 0A என்று இருக்க வேண்டும்; எடுத்த எடுப்பிலேயே E3 இருந்தால் தலைப்பு இல்லை என்று பொருள். அதே கட்டிலிருந்து வந்த, தலைப்புள்ள வேறொரு பிஒய்சியின் முதல் 16 பைட்டுகளை முன்னால் ஒட்டினால் போதும். புதிய பிரிப்புக் கருவிகள் இதைத் தாமே செய்கின்றன என்பது உண்மை. ஆனாலும் அவை ஒட்டிய எண் சரிதானா என்று ஒருமுறை பார்ப்பது நல்லது.

எல்லாப் பிழையும் பதிப்பால் வருவதில்லை என்ற மறுப்பில் நியாயம் உண்டு. 'குக்கி இல்லை' என்று வந்தால், காப்பகத்தின் முடிவில் இருக்கவேண்டிய, 'எம்இஐ' என்று தொடங்கும் 8 பைட் அடையாளம் கிடைக்கவில்லை. யாரோ அதை மாற்றியிருக்கலாம். அல்லது கட்டியதே பைஇன்ஸ்டாலர் அல்ல. நுயிட்கா என்ற கருவி பைதானைச் சி மொழிக்கு மாற்றித் தொகுப்பதால், அங்கே எடுப்பதற்கு நிரலின் பைட்கோடு பொதுவாக இராது. பழைய கட்டுகளில் மறையாக்கமும் குறுக்கிடும். 2023இல் வந்த பைஇன்ஸ்டாலர் 6.0 பதிப்பு அந்த வசதியை நீக்கிவிட்டது. எடுத்த பைட்கோடை மூலநிரலாக மாற்றும் 'அன்கம்பைல்6' கருவியும் பைதான் 3.8 வரைதான் கைகொடுக்கும். அதற்குப் பிந்தைய பைட்கோடு மூலநிரலாக முழுசாகத் திரும்பாமல் போகலாம். அப்போதும் அதே பதிப்பின் 'டிஸ்' தொகுதி கட்டளைகளை வரிசையாகக் காட்டும். அதை வைத்து நிரலைக் கையால் எழுதிக்கொள்ளலாம்.