நழுவிய கர்லாக்கட்டை

விளையாட்டுகளின் வரலாற்றை எழுதுவோர் பெரும்பாலும் பதக்கப் பட்டியலைக் கையில் வைத்துக்கொண்டே தொடங்குகின்றனர். பட்டியல் பொய் சொல்வதில்லை. ஆயினும் முழு உண்மையையும் அது சொல்லிவிடுவதில்லை. 1988 ஆம் ஆண்டில் தென்கொரியாவின் சியோல் நகரில் ஒலிம்பிக் போட்டிகள் நடைபெற்றன. அவற்றுள் ரிதமிக் ஜிம்னாஸ்டிக்ஸ் எனப்படும் லய ஜிம்னாஸ்டிக்ஸ் பிரிவில், நான்காம் இடத்தில் ஒரு பெயர் காணப்படும். பல்கேரிய நாட்டைச் சேர்ந்த பியான்கா பனோவா என்பதே அப்பெயர். நான்காமவருக்குப் பதக்கம் இல்லை. ஆனால், அதற்கு முந்தைய ஆண்டில்தான் அவர் தமக்கு நிகர் எவருமிலர் என்று உலகுக்குக் காட்டியிருந்தார். இடையில் நேர்ந்தது என்ன? அதனையே இன்று உங்களுடன் சேர்ந்து ஆராய விரும்புகிறேன்.

முதலில் இக்கலையைப் பற்றிச் சிறிது அறிந்துகொள்வோம். இது மகளிர் ஆடும் ஆட்டம். இசைக்கு இயைய உடலை வளைத்தும், சுழன்றும், தாவியும், கையிலுள்ள கருவியை ஆண்டும் காட்டுவது. கயிறு, வளையம், பந்து, கட்டைகள், நாடா என்பன அக்கருவிகள். கட்டைகள் என்றேனே, அவை நம் நாட்டு மல்லர்கள் சுழற்றும் கர்லாக்கட்டையின் வழிவந்தவை. பத்தொன்பதாம் நூற்றாண்டில் இந்தியாவிலிருந்து ஆங்கிலேயர் வழியாக ஐரோப்பாவுக்குச் சென்ற அப்பயிற்சி, அங்கே இலேசான இரட்டைக் கட்டைகளாக மாறி மங்கையர் கைக்கு வந்தது. தனிநபர் ஆட்டம் ஒன்றரை நிமிடத்துக்கு மேற்படாது. கருவி தரையில் விழுந்தால் மதிப்பெண் குறையும். பல மாத உழைப்பு அந்த ஒன்றரை நிமிடத்தில் அடங்கிவிடுகிறது.

பல்கேரியா சிறிய நாடு. எனினும் இக்கலையில் அது பேரரசுபோல் விளங்கியது. மரியா கிகோவா என்னும் வீராங்கனை 1969, 1971, 1973 ஆகிய மூன்று உலகப் போட்டிகளிலும் முதன்மை பெற்றார். 1978 மார்ச் மாதத்தில் ஒரு விமான விபத்து நேர்ந்தது. தேசியப் பயிற்சியாளர் ஜூலியேட்டா ஷிஷ்மனோவாவும் அவருடன் சென்ற இளம் வீராங்கனைகளும் அதில் மாண்டனர். அத்துயரையும் தாங்கிக்கொண்டு அந்நாடு மீண்டெழுந்தது. நெஷ்கா ரொபேவா என்னும் பயிற்சியாளர் உருவாக்கிய மங்கையரைப் 'பொற்பெண்கள்' என்றே மக்கள் அழைத்தனர். 1981, 1983, 1985, 1987 என அடுத்தடுத்து வந்த நான்கு உலகப் போட்டிகளிலும் தனிநபர் பட்டம் பல்கேரியாவுக்கே கிட்டியது.

இந்த மரபில் வந்தவர் பியான்கா பனோவா. 1970 ஆம் ஆண்டில் சோஃபியா நகரில் பிறந்தவர். பதினைந்தாம் வயதில், 1985 இல் ஸ்பெயின் நாட்டு வல்லடோலிட் நகரில் நடந்த உலகப் போட்டியில் மூன்றாம் இடம் பெற்றார். மறு ஆண்டு ஃபிளாரன்ஸ் நகரில் ஐரோப்பியப் பட்டத்தைத் தம் நாட்டவரான லிலியா இக்னதோவாவுடன் பகிர்ந்துகொண்டார். 1987 இல் உலகப் போட்டி பல்கேரியாவின் கடற்கரை நகரான வர்னாவில் கூடியது. சொந்த மண்ணில், சொந்த மக்கள் முன்னிலையில், ஆடிய ஆட்டம் ஒவ்வொன்றுக்கும் அவர் 10 என்னும் முழு மதிப்பெண் பெற்றார். ஒட்டுமொத்தப் பட்டமும், நான்கு கருவிகளுக்கு உரிய முதலிடமும் அவரை வந்தடைந்தன. கின்னஸ் சாதனை நூலும் அதனைப் பதிவு செய்தது.

அடுத்த ஆண்டு சியோல். முதற்கட்டச் சுற்றில் அவர் கையிலிருந்து கட்டை ஒன்று நழுவி விழுந்தது. அக்கால விதிப்படி, முதற்கட்ட மதிப்பெண்ணில் பாதி இறுதிச் சுற்றோடு சேர்க்கப்படும். ஆகவே முதற்கட்டப் பிழை இறுதி நாள் வரை நிழல்போல் தொடர்ந்தது. சோவியத் வீராங்கனை மரினா லோபாச் 60 க்கு 60 பெற்றுத் தங்கம் வென்றார். பல்கேரியாவின் அத்ரியானா துனாவ்ஸ்கா 59.950 பெற்று இரண்டாமவரானார். மூன்றாமவரான அலெக்சாந்திரா திமோஷென்கோ பெற்றது 59.875. பனோவா பெற்றது 59.725. தங்கத்துக்கும் நான்காம் இடத்துக்கும் இடையே கால் மதிப்பெண்ணைவிடச் சற்றே மிகுதியான தொலைவுதான்.

'அப்படியானால் அவருடைய கை நழுவியதுதான் காரணமா?' என்று நீங்கள் வினவலாம். அது ஒரு காரணம். ஆனால் வரலாற்று மாணவர் அதனோடு நின்றுவிடலாகாது என்பது என் கருத்து. கிகோவா புகழின் உச்சியில் இருந்தபோது இக்கலை ஒலிம்பிக்கில் இடம்பெறவே இல்லை. 1984 இல் லாஸ் ஏஞ்சலிஸில் முதன்முறை இடம்பெற்றபோது, சோவியத் அணி நாடுகளோடு பல்கேரியாவும் அப்போட்டியைப் புறக்கணித்தது. அவ்வாண்டு சோஃபியாவில் நடந்த மாற்றுப் போட்டியில் பல்கேரியாவே முதலிடம் பெற்றது. ஒலிம்பிக் தங்கமோ கனடா நாட்டு லோரி ஃபங் அவர்களுக்குச் சென்றது. அரங்கத்தில் ஆடுவோர் மகளிர். அரங்கத்தின் வாயிலைத் திறப்பதும் அடைப்பதும் அரசியல். இத்தனை தலைமுறைகளின் எதிர்பார்ப்பு முழுவதும் 1988 இல் பதினெட்டு வயதுப் பெண்ணொருத்தியின் தோள்மேல் வந்து இறங்கியது.

பனோவா அத்துடன் துவண்டுவிடவில்லை. 1989 இல் சரயேவோ உலகப் போட்டியிலும் ஆடிப் பதக்கம் பெற்ற பின்னரே ஓய்வு பெற்றார். பிற்காலத்தில் தாயகத்துக்கு வெளியிலும் பயிற்சியாளராகப் பணியாற்றினார். தம் இளமைப் பயிற்சியின் கடுமையைப் பற்றி வெளிப்படையாகவும் பேசினார். பொற்பெண்களின் பொன்னுக்கு விலை உண்டு என்பதையும் வரலாறு எழுதிவைக்க வேண்டும் அன்றோ?

பல்கேரியாவுக்கு இக்கலையில் முதல் ஒலிம்பிக் தங்கம் 2021 இல், டோக்கியோவில், குழு ஆட்டத்தில் கிடைத்தது. தனிநபர் தங்கமோ 2024 ஆம் ஆண்டுப் பாரிஸ் போட்டி வரை அந்நாட்டுக்குக் கிட்டவில்லை. அங்கே பொரியானா கலெய்ன் பெற்றது வெள்ளி. இதை மட்டும் பார்ப்பவர், பல்கேரியா இக்கலையில் பின்தங்கிய நாடு என்றே கருதிவிடக்கூடும்.

மாணவர்களே, ஆண்டுகளையும் எண்களையும் நீங்கள் மனப்பாடம் செய்கிறீர்கள், செய்யத்தான் வேண்டும். ஆனால் ஓர் எண்ணைக் காணும்போது, அதற்கு முன்னும் பின்னும் நிகழ்ந்தவை யாவை என்றும் கேட்டுப் பழகுங்கள். நான்காம் இடம் என்னும் ஒரு சொல்லுக்குப் பின்னே வர்னாவின் முழு மதிப்பெண்களும் இருக்கின்றன, மூடிக் கிடந்த ஒலிம்பிக் கதவும் இருக்கிறது.