திரும்பி வருவானா?

"கொலைக் கேஸுண்ணே... மூணு மாசம்கூட முடியல, ஜாமீன்ல வந்துட்டான். அப்ப கேஸ்ல ஜெயிச்சுட்டான்னுதானே அர்த்தம்?"

ஆலங்குளம் டீக்கடையில் ஒருவர் கேட்டார். (தென்காசிப் பக்கத்து ஆலங்குளம் இல்லை. ராஜபாளையம் பக்கம், சிமென்ட் ஆலை இருக்கிற ஆலங்குளம்.) அவர் முகத்தில் கோபத்தைவிட பயம்தான் அதிகம் தெரிந்தது.

ஜாமீன் வேறு, விடுதலை வேறு. ஆனால் பாதிப் பேர் இப்படித்தான் குழப்பிக்கொள்கிறோம்.

நான் பி.காம். படித்தவன். எனக்குத் தெரிந்த கணக்கில் சொல்கிறேன். உருது வழியாக வந்த 'ஜாமீன்' என்ற சொல்லுக்குள்ளேயே 'பொறுப்பேற்பவர்' என்ற பொருள் இருக்கிறது. பாங்க்கில் கடன் கேட்டால் மானேஜரின் முதல் கவலை என்ன? பணம் திரும்பி வருமா? ஜாமீன் மனு வந்தால் நீதிபதியின் கவலையும் ஏறக்குறைய அதுதான். வெளியே விட்டால் ஆள் திரும்பி வருவானா? அதற்குள் சாட்சிகளைக் கலைத்துவிடுவானா? குற்றம் செய்தானா, இல்லையா என்ற தீர்ப்பு விசாரணைக்குப் பிறகுதான்.

மரண தண்டனை, ஆயுள் தண்டனை கிடைக்கக்கூடிய வழக்குகளில் மாஜிஸ்டிரேட்டின் கையைச் சட்டமே பெரும்பாலும் கட்டி வைத்திருக்கிறது. ஆலங்குளத்துக்காரர் ஸ்ரீவில்லிபுத்தூர் செஷன்ஸ் கோர்ட்டுக்குப் போக வேண்டும். அங்கேயும் கிடைக்காவிட்டால் ஹைகோர்ட். 2004 ஜூலையில் மதுரைக் கிளை திறக்கும்வரை, அதற்குச் சென்னைக்கு ரயிலேற வேண்டியிருந்தது.

அதே 2004-ல்தான் தமிழ்நாடே ஒரு ஜாமீன் மனுவைக் கவனித்துக்கொண்டிருந்தது.

செப்டம்பர் 3. காஞ்சிபுரம் வரதராஜப் பெருமாள் கோயில் மேலாளர் சங்கரராமன், கோயில் அலுவலகத்திலேயே வெட்டிக் கொல்லப்பட்டார். நவம்பர் 11-ல் காஞ்சி மடத்தின் ஜெயேந்திரர் கைதானார். ஹைகோர்ட் இரண்டு முறை ஜாமீன் மறுத்தது. 2005 ஜனவரி 10-ல், தலைமை நீதிபதி லகோத்தி உள்ளிட்ட மூன்று நீதிபதிகள் கொண்ட சுப்ரீம் கோர்ட் அமர்வு ஜாமீன் கொடுத்தது.

எப்படி எடை போட்டார்கள்? குற்றம் எவ்வளவு கொடியது, கையில் இருக்கும் ஆதாரம் எவ்வளவு வலுவானது, ஆள் தப்பி ஓடுவாரா, சாட்சிகளுக்கு ஆபத்தா, பொது நலனுக்குக் கேடா... எல்லாம் தராசில் ஏறின. உடன் குற்றம்சாட்டப்பட்ட ஒருவரின் வாக்குமூலம் மட்டும் வலுவான ஆதாரம் ஆகாது என்றார்கள். கூடவே ஒரு நிபந்தனை: குற்றப்பத்திரிகை தாக்கலாகும்வரை மடத்துக்குள் போகக் கூடாது!

இதற்கு நேர்மாறாகவும் ஒன்று உண்டு. 1977. டெல்லியில் போலீஸ்காரர்கள் மேலேயே ஒரு கொலை வழக்கு. செஷன்ஸ் கோர்ட் ஜாமீன் கொடுத்தது. ஹைகோர்ட் அதை ரத்து செய்தது. சுப்ரீம் கோர்ட்டும் ரத்து சரிதான் என்றது. முக்கியக் காரணம், சாட்சிகளைக் கலைத்துவிடுவார்கள் என்ற அச்சம்.

காஞ்சி வழக்கு என்ன ஆயிற்று? புதுச்சேரிக்கு மாற்றப்பட்டது. விசாரிக்கப்பட்ட 189 சாட்சிகளில் 83 பேர் பிறழ்சாட்சிகள் ஆனார்கள். 2013 நவம்பர் 27-ல் ஜெயேந்திரர் உட்பட 23 பேரும் விடுதலை.

யோசித்துப் பாருங்கள். ஜாமீனே கிடைத்திருக்காவிட்டால், கடைசியில் விடுதலையான ஒருவர் ஒன்பது வருஷம் ஜெயிலில் இருந்திருப்பார். அந்த வருஷங்களை எந்த கோர்ட் திருப்பித் தரும்? இன்னொரு பக்கம், 83 பேர் ஏன் மாற்றிச் சொன்னார்கள் என்பது எதுவாகவும் இருக்கட்டும். ஒரு கொலை வழக்கு எத்தனை மெல்லிய கயிற்றில் தொங்குகிறது என்பதை அந்த எண்ணிக்கை காட்டுகிறது.

2024 ஜூலையில் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டம் போய்ப் புதிய சட்டம் வந்துவிட்டது. இந்தத் தராசு மட்டும் மாறவில்லை.

டீக்கடைக்காரருக்குக் காசு கொடுத்துவிட்டுக் கிளம்பும்போது அவரிடம் சொன்னேன்: "அவன் ஜெயிக்கலண்ணே. கேஸ் இனிமேதான். யாரையாவது மிரட்டினான்னா, ஜாமீனை ரத்து செய்யச் சொல்லி கோர்ட்டுக்கே போகலாம்."

அவர் கிளாஸைக் கீழே வைத்தார்.

"நான்தாண்ணே சாட்சி" என்றார்.