காவோகூ தூ

சீனப் பழம்பொருள்களைப் படத்துடன் விவரிக்கும் நூல்களில் இன்று கிடைப்பவற்றுள் மிகப் பழையது காவோகூ தூ. வடக்கு சோங் ஆட்சிக்காலத்தில் வாழ்ந்த கன்பூசிய அறிஞர் லூ தாலின் தொகுத்தது. முன்னுரை 1092-ஆம் ஆண்டுக்குரியது. அரண்மனையிலும் தனியாரிடமும் இருந்த இருநூற்றுக்கும் மேற்பட்ட வெண்கலக் கலங்களும் சில ஜேடு கற்பொருள்களும் இதன் பத்துப் பகுதிகளில் இடம்பெறுகின்றன.

பண்டைச் சடங்குக் கலங்களை அதுவரை பலர் ஏட்டு விளக்கங்களைக் கொண்டே வரைந்துவந்தனர். 10-ஆம் நூற்றாண்டில் நியே சோங்யி தொகுத்த 'சான்லி தூ'வில், ஜுவே எனும் மதுக்கலம் ஒரு குருவியின் முதுகில் அமர்ந்த கிண்ணமாகக் காட்சி தருகிறது. மண்ணிலிருந்து கிடைத்த ஜுவேக்களுக்கோ மூன்று கால்கள், நீண்ட மூக்கு, விளிம்பில் இரு சிறு தூண்கள். சாத்திர நூல்களின் விடுபாடுகளை நிரப்பவும் உரையாசிரியர்களின் பிழைகளைத் திருத்தவும் கலங்களையே சான்றாக்க வேண்டும் என்பதே லூவின் நோக்கம். வேடிக்கைப் பொருளாக அவர் அவற்றைக் கருதவில்லை.

ஒவ்வொரு பொருளுக்கும் படமும், பொறிப்பு இருந்தால் அதன் படியும் உண்டு. அளவு, எடை, கொள்ளளவு, உரிமையாளர், கிடைத்த இடம் ஆகியவற்றை, தெரிந்த வரையில், லூ குறிக்கிறார். நூலின் உயிர் இந்தக் கடைசிக் குறிப்பில்தான் இருக்கிறது. சில கலங்கள் யே பகுதியிலுள்ள தான்ஜியா நகரில் கிடைத்தன என்கிறார். அது இன்றைய ஆன்யாங் வட்டாரம். ஷாங் அரசர்களின் தலைநகரைத் தேடி அங்கே முறையான அகழாய்வு தொடங்கியது 1928-இல்தான். அப்பணியை நடத்திய லி ஜி, 1977-இல் வெளிவந்த 'ஆன்யாங்' நூலில் அதன் வரலாற்றை எழுதினார்.

குறைகளும் உண்டு. லூவின் காலக்கணிப்புகள் சில இன்று ஏற்கப்படுவதில்லை. மறுபதிப்புகளுக்காக மரக்கட்டைகளைப் புதிதாகச் செதுக்கியபோது படங்களும் மாறிவிட்டன.

அடுத்த தலைமுறையில் பேரரசர் ஹுயிசோங்கின் சேகரிப்பைப் பற்றி எழுந்த 'சூவென்ஹே போகூ தூ' இன்னும் பெரியது: 30 பகுதிகள், எண்ணூறுக்கும் மேற்பட்ட பொருள்கள். 1127-இல் ஜுர்சென் படைகள் தலைநகர் கைஃபெங்கைச் சூறையாடியதில் அச்சேகரிப்பு சிதறியது. அதிலிருந்த பல கலங்களை இன்று அந்தப் பக்கங்களில் மட்டுமே காண முடியும்.

லூ குடும்பத்தின் இடுகாடு ஷான்சி மாகாணத்தின் லான்தியனில் இருக்கிறது. கல்லறைத் திருட்டு ஒன்று வெளிப்பட்டதையடுத்து, 2006 முதல் மாகாணத் தொல்லியலாளர்கள் அங்கே அகழ்ந்தனர். சோங் காலப் பீங்கான்களோடு, பல நூற்றாண்டுகள் முந்திய வெண்கலக் கலங்களும் அக்கல்லறைகளில் கிடைத்தன.